கதவுக்கு முன்னால் ஒரு லாந்தர்

என் அண்ணன் காலத்தைத் தாண்டிப் போகும் கதவு எதையும் செய்யவில்லை. அந்த அளவுக்குக் கிறுக்குப் பிடித்தவர் அல்ல. அதையெல்லாம் என்றைக்காவது யாராவது படித்தவர்கள் செய்துவிடுவார்கள் என்பது அவர் எண்ணம். அவர் செய்தது, அப்படியொரு கதவு வந்தால் அதற்குள் ஆள் நுழையலாமா கூடாதா என்று சோதித்துப் பார்க்கும் கருவி. கேட்டதும் நான் சிரித்துவிட்டேன். போனில் சொல்லிக்கொண்டிருந்த அண்ணி சிரிக்கவில்லை.

"ஷிப்டு முடிஞ்சா நேரா மோட்டார் ரூமுக்குப் போயிர்றாரு அம்மிணி. சோறு தண்ணி நெனப்பே இல்ல. நீ சொன்னாக் கேப்பாரு, ஒருக்கா வந்து பேசு," என்றார்.

நான் சொன்னால் கேட்பார்தான். என் தம்பியும் நான் சொன்னதைக் கேட்டவன்தான். அதைத்தான் நான் ஆறு வருஷமாக யாரிடமும் சொல்லாமல் இருந்தேன்.

நல்லேப்பிள்ளியில் எங்கள் வயலோரம் ஒரு பழைய கிணறு. எங்கள் பக்கத்தில் அப்படிப்பட்ட கிணற்றில் இறங்கும் முன், லாந்தரைக் கொளுத்திக் கயிற்றில் கட்டி உள்ளே விடுவார்கள். நூறு எண்ணும்வரை எரிந்தால் ஆள் இறங்கலாம். அணைந்துபோனால் உள்ளே கெட்ட காற்று, அன்றைக்கு யாரும் இறங்கக் கூடாது. அதற்கென்றே ஒரு லாந்தர் மோட்டார் ரூமில் ஆணியில் தொங்கும். ஆறு வருஷத்துக்கு முன் ஒரு மாசி மாதம், என் மகளின் பள்ளிக்கூட வார்ஷிக விழாவில் நாடகம் என்று அந்த லாந்தரை நான் என் வீட்டுக்கு எடுத்துப் போனேன். நாடகம் முடிந்தது. திருப்பிக் கொண்டுபோய் மாட்டவில்லை, அவ்வளவுதான்.

இரண்டு நாள் கழித்து மோட்டார் தண்ணீர் எடுக்கவில்லை. அடியில் வால்வு அடைத்துக்கொண்டது. அண்ணன் கயிறு எடுக்க வீட்டுக்குப் போயிருந்த நேரத்தில் தம்பி எனக்குப் போன் செய்தான்.

"லாந்தர் எங்கீங்க்கா?"

நான் அடுப்பில் எண்ணெயை வைத்துவிட்டு நின்றேன். எரிச்சல். "இங்கதான் கெடக்குது. போன வாரம் எறங்குன கெணறுதானே, அதுக்குள்ள என்ன காத்து வந்துரும்? பயந்தாங்கொள்ளி, எறங்குடா," என்றேன். சிரித்துக்கொண்டேதான் சொன்னேன். அவனும் சிரித்தான்.

அவனைத் தூக்கி வெளியே எடுத்தபோது உயிர் இல்லை. மேலே கயிற்றைப் பிடித்துக்கொண்டு நின்றவர் அண்ணன். கஞ்சிக்கோட்டில் ஒரு தொழிற்சாலையில் ஃபிட்டர். அங்கே பெரிய டேங்குக்குள் இறங்குவதென்றால் முதலில் காற்றைச் சோதிக்க வேண்டும், இரண்டு பேர் கையெழுத்துப் போட வேண்டும். அதையெல்லாம் மற்றவர்களுக்குச் சொல்லிக்கொடுக்கிற ஆள், சொந்தத் தம்பியைச் சோதிக்காமல் இறக்கிவிட்டேனே என்று தன்னையே திட்டிக்கொண்டிருந்தார். நான் பக்கத்தில் உட்கார்ந்து அவர் முதுகைத் தடவிக்கொடுத்தேன். வாயைத் திறக்கவில்லை.

அண்ணி சொன்னபடி ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் போனேன். மோட்டார் ரூமில் ஒரு இரும்புச் சட்டம், அதில் முன்னால் நீண்ட ஒரு கை, நுனியில் கப்பி, நைலான் கயிறு, கயிற்றில் ஒரு அலுமினியப் பெட்டி. பெட்டிக்குள் ஒரு கடிகாரம், டீ கிளாஸில் ஒரு மிளகாய் நாற்று. வெளியே சுவரில் அதே மாதிரி இன்னொரு கடிகாரம்.

"என்னுங்ணா இது, சாமி தூக்கற சப்பரமாட்ட?" என்றேன்.

அவருக்குக் கோபம் வரவில்லை. யாராவது கேட்க மாட்டார்களா என்று இருந்திருப்பார் போல. "பெட்டியக் கதவுக்குள்ள விடோணும். திருப்பி இழுத்து ரெண்டு கடிகாரத்தையும் பாத்தா எவ்வளவு காலம் தள்ளிப் போச்சுன்னு தெரியும். நாத்து வாடாம வந்தா உசுருக்கு ஆபத்தில்ல. அதுக்கப்பறந்தான் ஆளு போகோணும்."

கதவு கிடைக்கும்வரை இருக்கிற கதவுகளில் பழகிக்கொண்டிருந்தார். மாட்டுக்கொட்டகைக் கதவு, சமையலறைக் கதவு, எல்லாவற்றுக்கும் நோட்டில் பதிவு இருந்தது. "திரும்ப வந்தது. நாற்றுக்குச் சேதமில்லை." தொழிற்சாலையில் போலவே இரண்டாவது கையெழுத்துக்கு ஒரு கட்டம். எல்லாப் பக்கத்திலும் அது காலி. எனக்குச் சிரிப்பு வந்தது, அதைவிட அதிகமாக அழுகை வந்தது.

பெட்டியின் நடுவே வட்டமாக ஒரு இடம் விட்டிருந்தார். "இது லாந்தருக்கு. காத்து இருக்கான்னு பாக்க அதுதான் நம்பிக்கை. மண்ணெண்ணெய்கூட வாங்கி வெச்சுட்டேன். நம்ம பழைய லாந்தர் எங்க போச்சுன்னே தெரியல அம்மிணி."

அது என் வீட்டுப் பரணில் சாக்குக்குள் இருந்தது.

நோட்டின் முதல் பக்கத்தைக் காட்டினார். போக வேண்டிய இடம்: கிணற்றடி. நேரம்: ஆறு வருஷத்துக்கு முந்தைய அந்த மாசி நாள், காலை பத்தரை. "நான் கயித்தோட வர்றதுக்குள்ள அவன் வேட்டிய மடிச்சுக் கட்டிட்டு நிக்கறான். லாந்தர் இல்லீன்னா நாளைக்குப் பாக்கலாம்னேன். 'ஒண்ணுமாகாதுங்ணா'ன்னு சிரிச்சான். எப்பவும் பயந்த பையன், அன்னைக்கு மட்டும் எங்கிருந்து அந்தத் தைரியம் வந்துச்சு? அது தெரியாம அங்க போயி அவங்கிட்ட நான் என்னத்தச் சொல்லி நிறுத்தறது?"

பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்று ஏதோ உளறிவிட்டு வந்துவிட்டேன். வழியெல்லாம் என்னையே கேட்டுக்கொண்டேன்: சொன்னால் என்ன ஆகும்? அவர் என் முகத்தில் விழிக்க மாட்டார். எனக்கு மிச்சம் இருக்கிற கூடப்பிறந்தவர் அவர் ஒருவர்தான். சொல்லாவிட்டால்? அவர் சாகும்வரை அந்தப் பெட்டியைக் கதவு கதவாக விட்டுக்கொண்டிருப்பார்.

அடுத்த ஞாயிறு லாந்தரைப் பையில் போட்டுக்கொண்டு போனேன். உள்ளே நுழையவில்லை. மோட்டார் ரூம் வாசலுக்கு வெளியிலேயே நின்றேன்.

"அண்ணா, கெணத்தடிக்குப் போகாதீங்க. அங்க போனா நேரமாயிப் போயிருக்கும். எங்கூட்டுக்கு வாங்க. பத்து மணிக்கு. போன் அடிக்கும், என்னைய எடுக்க விடாதீங்க."

பிறகு எல்லாவற்றையும் சொன்னேன். பயந்தாங்கொள்ளி என்று நான் சொன்ன சொல்லையும் விடவில்லை. லாந்தரை எடுத்து வாசற்படியில் வைத்தேன்.

அண்ணன் அதைப் பார்த்தார். கேட்டது ஒரே கேள்விதான்.

"ஆறு வருசமா நான் தலையில அடிச்சுட்டு அழுதனே, பாத்துட்டுத்தான இருந்தே?"

"ஆமாங்ணா."

அவர் திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். லாந்தரை எடுத்து, கண்ணாடியைத் தன் லுங்கியால் துடைத்தார். மண்ணெண்ணெய் ஊற்றித் திரியைத் தூண்டிக் கொளுத்தினார். பெட்டியின் நடுவில் அந்த வட்டத்தில் வைத்தார். பொருந்தியது. அளவை மனதில் வைத்துத்தான் செய்திருக்கிறார். பிறகு சட்டத்தின் கையை வாசல் பக்கம் திருப்பிப் பெட்டியை மெல்ல மெல்ல வெளியே, நான் நின்ற இடத்துக்கு இறக்கினார்.

என் முகத்துக்கு நேரே விளக்கு நின்றது. அவர் உதடு அசைவது தெரிந்தது. எண்ணிக்கொண்டிருந்தார். நான் அசையாமல் நின்றேன். மூச்சுவிடக்கூடப் பயமாக இருந்தது. நூறு வந்ததும் பெட்டியை உள்ளே இழுத்து, சுடரை ஒருமுறை குனிந்து பார்த்தார். நோட்டை எடுத்து ஒரு வரி எழுதிக் கையெழுத்துப் போட்டுவிட்டுப் பேனாவை என் பக்கம் நீட்டினார்.

"அணையல. உள்ள வா, அம்மிணி."