மெனு விரியாத கல்வெட்டு

இரண்டு மென்பொருள்கள் பங்கிடும் கோப்பைப் புதிதாக வருவது கேட்காமல் மாற்றக்கூடாது. இது விதி. என் கணினிக்கு வந்த புதிய மென்பொருள் விதி படித்திருக்கவில்லை. மெனுக்களைக் காட்டும் பொதுக்கோப்பை வந்த அன்றே மாற்றிவிட்டது. என் பழைய தமிழ்த் தட்டச்சு மென்பொருளில் எதையும் திறக்கவோ அச்சிடவோ மெனு விரியவில்லை. உள்ளே இருந்தது என் மனைவியின் கல்வெட்டு, முப்பத்தோராம் நாள் கிரியையான அந்தியேட்டியன்று கொடுக்க நான் எழுதிய நினைவுநூல். அந்தியேட்டி அடுத்த கிழமை.

மென்பொருள் நிறுவனத்துக்கு முறைப்படி முறைப்பாடு எழுதிவிட்டு, கொக்குவிலில் கணினி திருத்துபவரை அழைத்தேன். அவருடைய கண்ணாடி எப்போதும் நெற்றியில்தான் இருக்கும். எந்தக் கோப்பையும் அழிக்கமாட்டார். பெயரோடு 'பழசு' என்று சேர்த்து ஒதுக்கி வைப்பார்.

"பிழையானதை அழிச்சு விடுமன், தம்பி."

"அழிக்கிறேல்லை, ஐயா. உந்தக் கோப்பை நம்பி வேறை ஆர் இருக்கினமோ."

தன் கடையிலிருந்த கிழட்டுக் கணினியிலிருந்து சரியான கோப்பைக் கொண்டுவந்து, தட்டச்சு மென்பொருளின் சொந்தக் கோப்புறைக்குள்ளேயே வைத்தார். மெனு விரிந்தது.

"இவ்வளவு நாளும் கூட்டுக்குடும்பம். இனித் தனிக்குடித்தனம், ஐயா!"

சிரித்துக்கொண்டே கல்வெட்டைத் திறந்தவர், திரையில் அவளுடைய படத்தைக் கண்டதும் கண்ணாடியைக் கண்ணுக்கு இறக்கினார்.

"நான் இங்கை வந்தா, அம்மா தேத்தண்ணிக்கு எப்பவும் சீனி கூடப் போடுவா."

அன்று நான் போட்ட தேநீரில் சீனியே இல்லை என்பது பிறகுதான் தெரிந்தது. முழுவதையும் குடித்துவிட்டே போனார்.

கல்வெட்டு நேரத்துக்கு அச்சானது. 'பழசு' இன்னும் கணினியில் இருக்கிறது. அழிக்க எனக்கும் கை வரவில்லை.

நிறுவனமும் பதில் எழுதியது. கணினியை ஒருமுறை நிறுத்திப் போட்டுப் பார்க்கட்டாம். அந்தப் பதில் வந்து சேர்ந்தது, ஒரு வருடம் கழிந்து, அவளுடைய ஆட்டைத் திவசத்தன்று.