அவன் வெறுத்த பாட்டுக்குள் இருந்த டிரம்ஸ்

என் நண்பன் புளியங்குடி சாலையில் பைக்கில் போனபோது லாரி மோதி இறந்தான். செய்தி வந்தபோது நான் கடையில் ஒரு அம்மாவின் மிக்சிக்கு பிளேடு மாற்றிக்கொண்டிருந்தேன். மாற்றி, ஓட்டிப் பார்த்து, கையில் கொடுத்துவிட்டுத்தான் கிளம்பினேன். கல்லறைத் தோட்டத்தில் எல்லோரும் அழுதார்கள். எனக்கு அழுகை வரவில்லை. அதற்குப் பிறகு எட்டு மாதமாகியும் வரவில்லை.

அவன் சர்ச்சில் டிரம்ஸ் வாசிப்பவன். கல்லூரி நாட்களில் ஒரு இங்கிலீஷ் ராக் பாட்டு கேசட்டில் கிடைத்தது. கிட்டார் வருவதற்கு முன் டிரம்ஸ் மட்டும் தனியாக ஒலிக்கும், பத்து நொடி இருக்காது. அதைக் கைக்குக் கொண்டுவர அவனுக்கு ஒரு மழைக்காலம் முழுக்க ஆனது. பிறகு எங்கே உட்கார்ந்தாலும் அதைத்தான் தட்டுவான்.

ஹிப் ஹாப் அவனுக்கு ஆகாது. "வாயால பேசுதான், பின்னால மிஷின் தட்டுது. இதப் போயி பாட்டுங்கியேலே" என்பான். எனக்கு அது பிடிக்கும். அந்தச் சண்டையில் ஒருமுறை ஒரு வாரம் என்னோடு பேசாமல் இருந்தான்.

போன மாதம் மகளை டான்ஸ் வகுப்பிலிருந்து அழைத்துவரப் போனேன். ஜவுளிக்கடைக்கு மேல் மாடியில் நடக்கும் வகுப்பு. படியேறும்போதே அந்த டிரம்ஸ் கேட்டது. கிட்டார் வர வேண்டிய இடத்தில் ஒருவன் வேகமாகப் பேச ஆரம்பித்தான். டிரம்ஸ் நிற்காமல் திரும்பத் திரும்ப வந்துகொண்டே இருந்தது.

வகுப்பு எடுக்கும் பெண் ராஜபாளையத்திலிருந்து வருகிறவள். அவளிடம் கேட்டேன்.

"அது பழைய ராக் பாட்டுல இருந்து வெட்டி எடுத்தது சார். அதை மட்டும் சுத்தவிட்டு, மேல ராப் பாடியிருக்காங்க. டான்ஸ் பாட்டுலயும் இதே பீட்தான். எத்தனை பேர் எடுத்திருக்காங்கன்னு எனக்கே தெரியாது" என்றாள்.

போனில் ஒவ்வொன்றாகப் போட்டுக் காட்டினாள். ஒன்றில் வேகம், ஒன்றில் மந்தம், இன்னொன்றில் ஒரு பெண்ணின் குரல். எல்லாவற்றுக்கும் அடியில் அவன் தட்டியது ஓடியது. கடைசியாக அந்த மூலப் பாட்டையும் போட்டாள். பக்கத்து வீட்டு டிவியைக் கேட்பதுபோல நின்று கேட்டேன். ஏதாவது நடக்கும் என்று எதிர்பார்த்தேன். நடக்கவில்லை. "நல்லாருக்கு" என்று சொல்லிவிட்டு மகளைக் கூட்டிக்கொண்டு இறங்கினேன்.

மறுநாள் அவன் மனைவியைப் பார்க்கப் போனேன். அவர்களுடைய நோட்டுப் புத்தகக் கடையை இப்போது அவள்தான் நடத்துகிறாள். ஒன்றும் சொல்லாமல் போனில் அந்த ஹிப் ஹாப் பாட்டைப் போட்டேன்.

"இது அவுக மேசையில தட்டுததுல்லா அண்ணே?"

"ஆமாம்மா. ஆனா இது ஹிப் ஹாப் பாட்டு."

"அது அவுகளுக்குப் பிடிக்காதே."

"அவன் தட்டுன அந்த இங்கிலீஷ் ராக் பாட்டுல இருந்துதான் இத எடுத்திருக்காங்க. அவனுக்கு அது தெரியாது. எனக்கே நேத்துதான் தெரியும்."

"தெரிஞ்சிருந்தா ஒத்துக்கிடவா போறாக? இன்னும் ஒரு வாரம் உங்ககிட்ட பேசாம இருந்திருப்பாக" என்று சிரித்தாள். சிரித்துக்கொண்டே கவுண்டரில் தலையைக் கவிழ்த்து அழுதாள். ஒரு பெண் வந்து பிரவுன் ஷீட் கேட்டாள். நான் அலமாரியிலிருந்து எடுத்துக் கொடுத்தேன்.

அழுகை அடங்கியதும், "ரெண்டு பாட்டையும் எனக்கு அனுப்பிருங்க" என்றாள். அங்கேயே அனுப்பினேன்.

மகளின் டான்ஸ் நிகழ்ச்சி ஒரு கல்யாண மண்டபத்தில் நடந்தது. அவன் இறந்தபின் எந்த விசேஷத்துக்கும் போகாத அவன் மனைவி, அதற்கு வந்தாள். என் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்தாள். மேடையில் பிள்ளைகள் அந்த பீட்டுக்கு ஆடினார்கள். அவள் பாதம் தரையில் தாளம் போட்டது.

"உங்களுக்கு ஒண்ணும் தோணலையா அண்ணே?" என்று கேட்டாள்.

"இல்லம்மா."

ஆட்டம் முடிந்ததும் எல்லோரும் கைதட்டினார்கள். நாங்களும் தட்டினோம்.