பாவா கைதவறவிட்ட கம்ப்யூட்டர்

எங்கள் வீட்டில் முப்பது வருஷமாகப் பாவா கையில் யாரும் கண்ணாடிப் பொருளைக் கொடுப்பதில்லை. பல்பு மாற்ற அவர் ஸ்டூலில் ஏறினால், "எறங்குங்க மாப்ள, நான் பாத்துக்கறேன்" என்று நைனா பல்பைப் பிடுங்கிக்கொள்வார். ஊறுகாய் ஜாடிக்கு அவர் கை நீட்டினால் அம்மா முந்திக்கொள்வாள். மனிதருக்குத் தலை நரைத்துப் பேரனும் பிறந்தாயிற்று. இன்னமும் இதே கூத்து. "மலைப்படி ஞாபகம் கீதுல்ல?" என்று ஒருவர் ஆரம்பித்தால் போதும், வீடே சிரிக்கும். அதில் என் சிரிப்புதான் உரக்கக் கேட்கும். அதை நினைத்தால் இப்போது எனக்கு என் மேலேயே எரிச்சலாக வருகிறது.

பாவா என்றால் அக்காவின் வீட்டுக்காரர், நைனா என்றால் அப்பா. அப்போது எனக்குப் பத்து வயது. அக்காவுக்குக் கல்யாணமாகி ஆறு மாதம்தான் ஆகியிருந்தது. மெட்ராஸில் கம்ப்யூட்டர் விற்கும் ஒரு சின்னக் கம்பெனியில் பாவா வேலைக்குச் சேர்ந்திருந்தார். வேலை நிரந்தரமானால்தான் தனி வீடு பார்த்து அக்காவை அழைத்துப்போக முடியும். அதுவரை அவர் நாலு பேரோடு ஒரு ரூமிலும், அக்கா திருத்தணியில் எங்களோடும் இருந்தார்கள். சனிக்கிழமை சாயங்கால ரயிலில் வருவார், திங்கட்கிழமை விடியற்காலை ரயிலில் போய்விடுவார். நடுவில் இருக்கும் ஐந்து நாளும் அக்கா காலண்டரைப் பார்த்துக்கொண்டே எல்லோர் மேலும் எரிந்து விழுவாள்.

ஒரு சனிக்கிழமை பாவா தோளில் கறுப்புப் பை ஒன்றோடு வந்தார். பொதட்டூர்பேட்டையில் பவர்லூம் வைத்திருக்கும் ஒரு லுங்கி முதலாளி, கட்டம் போட்ட டிசைன் எப்படி வரும் என்று தறியில் நூல் ஏற்றும் முன்பே கம்ப்யூட்டரில் பார்க்க முடியுமா என்று கேட்டிருந்தாராம். மறுநாள் மத்தியானம் மூன்று மணிக்கு அவர் வீட்டிலேயே காட்ட வேண்டும். அவர் ஆர்டர் கொடுத்துவிட்டால் பாவாவுக்கு வேலை நிரந்தரம். கம்பெனியில் இருந்த ஒரே லேப்டாப்பை அதற்காக நம்பிக் கொடுத்து அனுப்பியிருந்தார்கள்.

அன்று சாயங்காலம் பாவா எங்களுக்கு நடத்திய பாடத்தை மறக்கவே முடியாது. தூக்கிப்போகும் கம்ப்யூட்டர்களில் முதலில் வந்தவையெல்லாம் தையல் மெஷின் அளவுக்கு இருந்தனவாம். உள்ளே டிவி போல ஒரு குழாய், மேலே ஒரு கைப்பிடி, அவ்வளவுதான். அதைத் தூக்கிக்கொண்டு நடந்தவனுக்குத் தோள்பட்டை இறங்கிப் போகுமாம். பிறகுதான் திரையைத் தட்டையாக்கி, மூடி போலக் கீபோர்டின் மேல் மடித்தார்களாம். அதிலும் கீபோர்டு முன் ஓரத்திலேயே இருந்ததால் மணிக்கட்டு அந்தரத்தில் தொங்குமாம். இதில்தான் கீபோர்டைப் பின்னால் தள்ளி, கை வைத்துக்கொள்ள முன்னால் வெற்றிடம் விட்டு, அதன் நடுவில் திரையில் தெரியும் அம்பை நகர்த்த ஒரு உருண்டையைப் பதித்திருக்கிறார்களாம். அந்த வெற்றிடத்தை யோசித்துக் கண்டுபிடித்தவன் பெரிய மூளைக்காரன் என்றார் பாவா.

அவர் சொல்லி முடிப்பதற்குள் அம்மா அந்த வெற்றிடத்தில் காபி டம்ளரை வைத்தாள். பாவா அலறினார். டம்ளர் போனதும் நைனா மூக்குக் கண்ணாடியைக் கழற்றி அங்கேயே வைத்தார். பொருள் வைப்பதற்கென்றே விட்டது போல அப்படி ஒரு தோதான இடம், நாங்கள் என்ன செய்வோம்?

திரை என்ற ஒன்று இருந்ததே, அது நேர் எதிரே உட்கார்ந்தவருக்கு மட்டும்தான் தெரியும். கொஞ்சம் நகர்ந்தால் எல்லாம் சாம்பல் பூசினாற்போல ஆகிவிடும். ஆகவே ஒரே பலகையில் ஒவ்வொருவராக உட்கார்ந்து பார்த்து எழுந்தோம். என் முறை வந்தபோது பேட்டரி தீர்ந்துவிட்டது. சார்ஜ் போடலாமென்றால் அதன் பிளக் எங்கள் வீட்டு ஓட்டையில் நுழையவில்லை. பாவா பஜாருக்கு ஓடி மாற்று பிளக் ஒன்று வாங்கி வந்து சுவரில் மாட்டினார். நைனா கேட்டார்: "மடியில வெக்கறதுன்னு சொல்லிட்டு மேசையில வெக்கறீங்க. தூக்கினு போறதுன்னு சொல்லிட்டு செவுத்துல கட்டி வெக்கறீங்க. என்னாதான் மாப்ள இது?"

பாவா வயரை யார் காலும் படாமல் ஓரமாக ஒதுக்கினார். என்னிடம் "தொடாதம்மா" என்று பதினேழாவது முறையாகச் சொன்னார். சொன்ன கையோடு என் காலைப் பார்த்தார். நான் டிராக்டர் சாவியைத் தொலைத்ததற்காக நைனா புளியம் விளாறால் போட்ட தடம் அதில் இன்னும் ஆறாமல் இருந்தது. "இப்பிடியா அடிப்பாங்க கொழந்தைய?" என்று அக்காவிடம் மெதுவாகக் கேட்டு, தேங்காய் எண்ணெய் தடவச் சொன்னார்.

காலையில் நைனா அடுத்த குண்டைப் போட்டார். புது மெஷினுக்கு மலையில் பூஜை போடாமல் தொழிலுக்கு எடுத்துப்போகக் கூடாதாம். எங்கள் ஊரில் சைக்கிள் வாங்கினாலும் மலைக்குத்தான் போகும். டிராக்டர் வாங்கியபோது நாலு சக்கரத்துக்கும் அடியில் எலுமிச்சம்பழம் வைத்து ஏற்றி, நாலும் நசுங்கிய சத்தம் கேட்ட பிறகுதான் நைனா மூச்சே விட்டார்.

"மாமா, இது புதுசும் இல்ல, என்தும் இல்ல. கம்பெனிதுங்க" என்று பாவா கெஞ்சினார்.

"யாருதா இருந்தா என்னா? கண்ணு படாதா?" என்றார் நைனா. அக்காவும் அவர் பக்கம் சேர்ந்துகொண்டாள். அவளுக்கு மெட்ராஸ் வீடு வேண்டும், அதற்கு முருகன் மனசு வைக்க வேண்டும். பாவாவின் பேச்சைக் கேட்க அங்கே ஒரு ஆள் இல்லை.

பையை மார்போடு அணைத்துக்கொண்டு பாவா படியேறினார். வண்டிகளுக்குப் பூஜை போடும் இடத்தில் குருக்கள் லேப்டாப்பை இப்படியும் அப்படியும் திருப்பிப் பார்த்தார். மூடியின் மேல் சந்தனமும் குங்குமமும் வைத்தார், பூ வைத்தார், கற்பூரம் காட்டினார். கடைசியில் எலுமிச்சம்பழத்தைக் கையில் வைத்துக்கொண்டு விழித்தார்.

"சக்கரம் இல்லியே, எதுல ஏத்தறது?"

நைனா விடுவாரா? மூடியைத் திறந்து, "இதோ உருளுது பாருங்க சாமி" என்று அந்த உருண்டையைக் காட்டினார். பாவா பாய்ந்து வந்து மூடினார். "சும்மா சுத்திப் போட்டுடுங்க" என்று குருக்கள் பழத்தை நைனாவிடமே கொடுத்துவிட்டு அடுத்த வண்டிக்குப் போனார். நைனா சுற்றவும் இல்லை, போடவும் இல்லை. தரிசன வரிசை நீண்டுகொண்டிருந்ததால் பழத்தை என் கையில் திணித்தார். பாவா பையை விட்டு நகர மாட்டேன் என்றார். "சாமிய வுட்டுட்டுப் பொட்டிய பாத்துகினு ஒக்காந்தா காரியம் எப்பிடி ஆவும்? பாப்பா பாத்துக்கும் வாங்க" என்று நைனா அவரை இழுத்துப் போனார்.

மண்டபத்து நிழலில் நானும் பையும் பழமும் மட்டும் இருந்தோம். எனக்குக் கோபமாக வந்தது. இந்தப் பெரியவர்கள் எதையும் ஒழுங்காக முடிப்பதில்லை. பழம் நசுங்காமல் திருஷ்டி எப்படிக் கழியும்? திருஷ்டி கழியாமல் ஆர்டர் எப்படிக் கிடைக்கும்? அக்காவுக்காக நான்தான் செய்தாக வேண்டும் என்று முடிவு செய்தேன்.

பையைத் திறந்து, மூடியைத் தூக்கினேன். அந்த வெற்றிடத்தில், உருண்டைக்குப் பக்கத்தில், பழம் அளவெடுத்தது போல உட்கார்ந்தது. மூடியை இறக்கி இரண்டு கையாலும் அழுத்தினேன், மசியவில்லை. குருக்கள் வைத்த சந்தனத்தில் படாமல் முழங்காலை வைத்து அழுத்தினேன். சளக்கென்று பழம் நசுங்கியது. கூடவே மெல்லிசாக இன்னொரு சத்தமும் வந்தது. விதை நொறுங்கியிருக்கும் என்று நினைத்தேன். சக்கையை எடுத்து வீசிவிட்டு, சாற்றையெல்லாம் பாவாடையால் துடைத்து, பழையபடி மூடிப் பைக்குள் வைத்தேன். முருகா, அக்காவை மெட்ராஸுக்கு அனுப்பு என்று கண்ணை மூடி வேண்டிக்கொண்டேன்.

நைனாவும் அம்மாவும் பிரசாதத்துக்கு நின்றதால் நாங்கள் மலை பஸ்ஸில் இறங்குவதாக முடிவானது. பொதட்டூர்பேட்டை பஸ்ஸைப் பிடிக்கும் அவசரத்தில் பாவா மட்டும் பையோடு படி வழியாக ஓடினார்.

சாயங்காலம் வெயில் இறங்கும் நேரத்தில் திரும்பி வந்தார். யாரிடமும் பேசாமல் லேப்டாப்பை வாசலில் பலகை மேல் வைத்தார். அந்த உருண்டையைக் கழற்றி, அக்காவிடம் ஒரு ஊசி வாங்கி, குழியிலிருந்து எதையோ நெம்பி எடுத்தார். என்ன என்று கேட்டேன். "தூசிம்மா" என்று சட்டைப் பையில் போட்டுக்கொண்டார். பிறகு பட்டனை அழுத்தினார். திரையின் நடுவில், மேல் பக்கமாக, மை கொட்டினாற்போல ஒரு கறுப்பு. அதிலிருந்து நாலாபக்கமும் கோடுகள் ஓடியிருந்தன.

"படியில எறங்கறப்போ கை தவறிட்ச்சு மாமா. கீழ வுழுந்துட்ச்சு" என்றார்.

அக்கா முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு உள்ளே போனாள். "ஒரு பொட்டிய ஒழுங்கா புடிக்கத் தெரியாதா மாப்ள?" என்று நைனா ஆரம்பித்தவர் அன்றோடு நிறுத்தவில்லை. எனக்கோ அழுகையும் ஆத்திரமுமாக வந்தது. நான் எவ்வளவு கஷ்டப்பட்டுத் திருஷ்டி கழித்துக் கொடுத்தேன், இந்த மனிதர் அதைப் படியில் போட்டு உடைத்துக்கொண்டு வந்து நிற்கிறார். நேராக அவர் முன்னால் போய் நின்று கேட்டேன்.

"பாத்து புடிக்கக் கூடாதா பாவா?"

பாவா லேப்டாப்பின் மூடியை இறக்கினார். "ஆங், தப்புதாம்மா. வழுக்கிட்ச்சு" என்றார்.

ஆர்டர் போயிற்று. அடுத்த மாதம் அந்த வேலையும் போயிற்று. திருத்தணி பஜாரில் ஒரு ஜெராக்ஸ் கடையில் பாவா வேலைக்குச் சேர்ந்தார். அக்காவின் மெட்ராஸ் வீடு கடைசிவரை வரவேயில்லை.

போன மாதம் என் லேப்டாப்பின் திரை உடைந்தது. இப்போதெல்லாம் நோட்டுப் புத்தகம் போல மெல்லிசாகச் செய்கிறார்கள், தும்மினால் கூடப் பயமாக இருக்கிறது. கீழே விழுந்திருக்கும் என்று பஜாரில் ரிப்பேர் செய்யும் பையனிடம் சொன்னேன். அவன் திரையை வெளிச்சத்தில் சாய்த்துப் பார்த்தான்.

"வுழுந்தா மூலை அடிபடும் மேடம், ஓரத்துல கீறல் இருக்கும். இதுல ஒண்ணும் இல்ல. நடுவுல இருந்து கெளம்பிக்கீது பாருங்க. உள்ள ஏதோ வெச்சி மூடிக்கீறாங்க."

என் மகள் தன் பென்சிலைத் தேடிக்கொண்டிருந்தது ஞாபகம் வந்தது. அவளைத் திட்ட வேண்டும் என்று போனை எடுத்தேன், டயல் செய்யாமலே வைத்துவிட்டேன். பாவாவின் லேப்டாப் மூலைகள் நாலும் அன்று பளிச்சென்று இருந்தன. மூடியில் குருக்கள் வைத்த சந்தனம் கூட அழியவில்லை. படியில் விழுந்த பெட்டியில் சந்தனம் எப்படி நிற்கும் என்று நைனாவும் கேட்கவில்லை, நானும் கேட்கவில்லை.

பாத்து புடிக்கக் கூடாதா பாவா என்று நான் அதட்டிக்கொண்டு நின்றபோது, என் பாவாடையில் எலுமிச்சை வாசனை இன்னும் போகவில்லை. விதை அவர் சட்டைப் பையில் இருந்தது.