பேனர் வருவதற்குள் எடுத்துவிட்டார்கள்

நீலசந்திராவில் பேனர் கடை வைத்திருக்கிறேன். பக்கத்து டீக்கடைக்காரர் முருகண்ணன் இறந்த அன்று அவர் தம்பி போட்டோவோடு வந்தார். "மூணு மணிக்கு எடுத்துடுவோம். அதுக்குள்ள கண்ணீர் அஞ்சலி பேனர் போட்டுக் குடு குரு" என்றார்.

டிசைன் சாஃப்ட்வேரை அந்த வாரம்தான் காசு கொடுத்து வாங்கியிருந்தேன். அன்று பார்த்து லைசென்ஸ் சரியில்லை என்று திறக்க மறுத்தது. நெட்டைத் திட்டிக்கொண்டே அழித்து அழித்து மறுபடி ஏற்றினேன். மதியம் போன பிறகுதான் கம்பெனிக்குப் போன் செய்யத் தோன்றியது.

"உங்க கம்ப்யூட்டர்ல ஹோஸ்ட்ஸ் ஃபைலைத் திறங்க சார். எங்க சர்வர் பேர் இருக்கா?" என்று கேட்டார் போனை எடுத்த பெண்.

இருந்தது. செகண்ட் ஹேண்டாக நான் வாங்கிய கம்ப்யூட்டர் அது. விற்றவர் திருட்டு காப்பி ஓட்டுவதற்காக, லைசென்ஸைச் சரிபார்க்கும் அந்த சர்வருக்குப் போகும் வழியை அந்த ஃபைலில் அடைத்து வைத்திருந்தார். அந்த வரிகளை அழித்ததும் சாஃப்ட்வேர் திறந்துகொண்டது.

பிரிண்ட் எடுத்துக்கொண்டு ஓடினேன். தெருவில் பூ மட்டும் கிடந்தது.

இப்போது பழைய கம்ப்யூட்டர் வாங்கினால் முதலில் ஹோஸ்ட்ஸ் ஃபைலைத்தான் பார்க்கிறேன். அந்த பேனர் டீக்கடை வாசலில் இன்னும் தொங்குகிறது. அதற்கு முதுகைக் காட்டி உட்கார்ந்துதான் டீ குடிக்கிறேன்.