சத்தியம் செய்யாத முதலியார்

பன்னிரண்டரைக்கு நீதிமன்றம் சாப்பாட்டுக்காகக் கலைந்ததும் சிவாஜினி தன் அலுவலகத்தின் அரைக்கதவைச் சாத்துகிறார். மேசையில் கிடக்கும் பிறப்புச் சான்றிதழ்களை ஒரு பக்கமாக ஒதுக்கி, நான்கு இடியப்பத் தட்டுகளைக் கவிழ்த்து அடுக்கி, அவற்றின் மேல் அப்பிள் மடிக்கணினியை ஏற்றுகிறார். தட்டின் கண்களுக்குள்ளால் காற்று ஓடினால்தான் கணினி கொதிக்காது. பிறகு மின்விசிறியின் கழுத்தைத் தன் பக்கமிருந்து திருப்பிக் கணினிக்கு நேரே வைக்கிறார். தனக்கு வியர்த்தால் துடைத்துக்கொள்ளலாம் என்பது அவருடைய கணக்கு. "முதலியார், இண்டைக்கெண்டாலும் ஒழுங்காக் கதையுங்கோ" என்று சொல்லிவிட்டு ஒரு விசையை அழுத்துகிறார். வரைபடத்தில் இல்லாத ஏதோவொரு வடக்கத்தி ஊரில் பனி கொட்டத் தொடங்குகிறது. பனி நல்ல ரோஸ் நிறத்தில் இருக்கிறது.

திருகோணமலையில் நீதிமன்றத்தை ஒட்டிய ஒழுங்கையில், ஒற்றை அறையில் இருந்துகொண்டு தமிழ், சிங்களம், ஆங்கிலம் மூன்றுக்கும் நடுவில் ஆட்களைக் கரைசேர்க்கும் சத்தியப்பிரமாண மொழிபெயர்ப்பாளர் இவர். வயது ஐம்பத்தொன்று. எதையும் மூன்று தரம் வாசிப்பார். மூன்றாவது தரம் கீழிருந்து மேலாக. மருந்துப் போத்தலின் ஒட்டுத்தாள், பஸ் டிக்கெட்டின் பின்பக்கம், பிஸ்கட் பெட்டியின் அடிப்பாகம், எதுவும் தப்பாது. கலியாண வீடுகளில் அழைப்பிதழைப் பென்சிலால் திருத்தி மாப்பிள்ளை வீட்டாரிடமே திருப்பிக் கொடுப்பார் என்பதால், அவர் குடியிருக்கும் பாலையூற்றில் சிலர் இப்போது அவருக்கு வாயாலேயே சொல்லி அழைத்துவிடுகிறார்கள். அவருடைய வட்ட முத்திரை ஒரு பழைய தேயிலைத் தகரத்துக்குள் கிடக்கிறது. அதை அவரைத் தவிர வேறு கை தொட்டதில்லை.

இப்படிப்பட்டவர் பனி தள்ளும் வாகனம் ஓட்டப் போனதற்குக் காரணம் அவருடைய தம்பி கஜீபன். கனடாவிலிருந்து கிழமைக்கொருமுறை தொலைபேசியில் வந்து, வாசலில் பனி அள்ளி இடுப்பு முறிந்துபோன கதையைச் சொல்லுவார். "நீ சொல்லுறதை நான் எப்படி நம்பிறது? நான் பாக்கேல்லைத்தானே" என்பார் அக்கா. ஒரு விடுமுறைக்கு வந்த தம்பி தன் பழைய அப்பிள் கணினியைக் கொடுத்துவிட்டுப் போனார். அதில், பனி மூடிய ஊரொன்றின் தெருக்களை வாகனத்தால் துப்புரவாக்கும் விளையாட்டு ஒன்றைச் சிவாஜினி தேடிப் பிடித்து வாங்கினார். சாட்சியத்தைச் சரிபார்க்க வேண்டும் என்பதைத் தவிர வேறு நோக்கம் அவருக்கு இருக்கவில்லை.

வாங்கி முடித்த பிறகுதான் அடியில் சின்ன எழுத்தில் இருந்ததைக் கண்டார்: விண்டோஸ் கணினிகளுக்கு மட்டும். பிஸ்கட் பெட்டியின் அடியைக்கூட விடாதவருக்கு இது நடந்திருக்கக் கூடாது. இரண்டு நாள் அவர் யாரோடும் முகங்கொடுத்துக் கதைக்கவில்லை.

பக்கத்தில் போட்டோக் கொப்பிக் கடையும் கணினித் திருத்தமும் வைத்திருக்கும் அப்ராஸ்தான் வழி சொன்னார். "நடுவில ஒரு சொஃப்ட்வெயாரப் போடலாம் மிஸ். விளையாட்டு விண்டோஸ் பாசையில கேக்கும். இது அதை அப்பிளிட பாசையில மாத்திச் சொல்லும். அப்பிள் சொல்றதத் திருப்பி அதுக்குச் சொல்லும்."

சிவாஜினியின் முகம் மலர்ந்துவிட்டது. "அப்ப இவர் கோட்டு முதலியார்" என்றார். நம் நீதிமன்றங்களில் நடுவில் நின்று மொழிபெயர்த்துச் சொல்பவரை முதலியார் என்றுதான் அழைப்பார்கள். அந்தக் கணமே மென்பொருளுக்குப் பெயர் விழுந்துவிட்டது. அடுத்த கணமே சந்தேகமும் வந்தது. "சத்தியம் எடுத்தவரோ?"

"மிஸ், அது ஒரு சொஃப்ட்வெயார்."

"சொஃப்ட்வெயார் எண்டா பொய் சொல்லாதோ?"

சிவாஜினி அன்றைக்கே ஒரு சிறு தாளில் தட்டச்சு செய்தார்: 'என் அறிவுக்கு எட்டியவரை உண்மையாகவும் சரியாகவும் மொழிபெயர்ப்பேன் என இத்தால் உறுதி கூறுகிறேன்.' அதைக் கணினி மூடியில், கடித்த அப்பிளுக்குக் கீழே ஒட்டினார். முத்திரைக்கான இடத்தை மட்டும் வெறுமையாக விட்டார். வேலையைப் பார்த்துத்தான் முத்திரை.

வேலை பார்க்கும்படியாக இல்லை. பனி ரோஸ் நிறமானது சின்னக் குற்றம். ஊரின் வைத்தியருக்குக் கண்ணும் பல்லும் மட்டும் இருந்தன. முகம் வந்து சேரவில்லை. தேவாலயம் தரையிலிருந்து இரண்டு அடி உயரத்தில் மிதந்தது. ஏழாவது கட்டத்தில், பேறுகாலமான ஒரு பெண் வாசலில் காத்திருக்கிறாள். அவளை ஏற்றிய அம்புலன்ஸ் போவதற்காகப் பாலத்தைத் தாண்டி ஆஸ்பத்திரிவரை பனியைத் தள்ள வேண்டும். அவளோ இரண்டு கைகளையும் இரு பக்கமும் நீட்டி, வயல் வெருளியைப் போல விறைத்து நிற்கிறாள். சிவாஜினி அவளுக்குப் புஸ்பராணி என்று பெயர் வைத்தார், பெயரில்லாத ஆளைத் தன் பிழைப் பதிவேட்டில் எப்படிக் குறிப்பது என்பதற்காக. பாலத்தின் நடுவுக்கு வாகனம் போனதும் முழு விளையாட்டும் மறைந்து, கணினியின் வெறும் முகப்பு வந்துவிடும். ஒவ்வொரு முறையும் அதே இடம். மூன்று மாதமாகப் புஸ்பராணிக்கு நாள் தள்ளிக்கொண்டே போகிறது.

"அந்தப் பிள்ளை பாவம்" என்று சிவாஜினி கட்சிக்காரர்களிடம் சொல்வதுண்டு. காணி உறுதி மொழிபெயர்க்கக் கந்தளாயிலிருந்து வந்த ஒருவர் உண்மையென்று நம்பி, தன் மைத்துனரின் வானைத் தரட்டுமா என்று கேட்டார்.

பேசாமல் ஒரு விண்டோஸ் கணினியில் விளையாடினால் தீர்ந்தது. தன் கடையில் சும்மா நிற்கும் ஒன்றில் அதை ஏற்றித் தருவதாக அப்ராஸ் பத்துத் தரம் சொல்லிவிட்டார். சிவாஜினி அசையவில்லை. "நடுவில ஒருத்தர் நிண்டு சொன்னா விளங்காதெண்டா, நான் இருபத்தாறு வருசமா என்ன செய்தனான்?" இதற்குமேல் கதை முற்றி, கடைசியில் பந்தயமாகிவிட்டது. நீதிமன்றம் மார்கழி விடுமுறைக்கு மூடுமுன் முதலியாரை வைத்துப் புஸ்பராணியை ஆஸ்பத்திரியில் சேர்க்க வேண்டும். இல்லாவிட்டால் அப்ராஸின் கடைக்குப் போய், வாடிக்கையாளர்கள் பார்க்க விண்டோஸில் அந்தக் கட்டத்தை முடித்து, 'மொழிபெயர்ப்பு எண்டாலே அரைகுறைதான்' என்று வாயால் சொல்ல வேண்டும். அந்த ஒரு வசனத்தை நினைத்தால் சிவாஜினிக்குச் சோறு இறங்கவில்லை.

அதற்கு ஒரு காரணம் உண்டு. வேலைக்கு வந்த முதல் வருடம், வேறோர் ஊர் நீதிமன்றத்தில் அவர் தற்காலிக முதலியாராக நின்றார். கூண்டில் ஒரு மீனவர். "இந்தத் தங்கூசி வலை உன்னுடையதா?" என்று நீதவான் சிங்களத்தில் கேட்டார். ஒற்றை நைலோன் இழையில் பின்னிய, தடைசெய்த வலை அது. தங்கூசிக்கான சிங்களச் சொல் சிவாஜினிக்குத் தெரியாது. தெரியாது என்று சொல்ல வெட்கமாக இருந்தது. தலையை ஆட்டிவிட்டு, "இந்த வலை உங்கடையோ?" என்று மட்டும் தமிழில் கேட்டார். சான்றாகக் கிடந்த இரண்டு வலைகளில் தன் சாதாரண வலையைப் பார்த்து மனிதர் "ஓம்" என்றார். இரண்டு கிழமை விளக்கமறியலில் அடைத்தார்கள். பிழையை ஒருவரும் கண்டுபிடிக்கவில்லை. வீட்டுக்கு வந்து அகராதியைப் புரட்டிய சிவாஜினிக்கு மட்டும் தெரியும். அந்த வெட்கம் இன்னும் ஆறவில்லை. அவர் எதையும் மூன்று தரம் வாசிப்பது அன்று தொடங்கியதுதான்.

பந்தயம் வைத்த பிறகு, முதலியாரை உருவாக்கியவர்களுக்கு அவர் கடிதம் எழுதத் தொடங்கினார். உலகத்தின் எங்கெங்கோ இருந்துகொண்டு சம்பளமில்லாமல் வேலை செய்பவர்கள் அவர்கள். வழக்கமாக அவர்களுக்கு 'ஓடவில்லை' என்று ஒற்றை வரியில்தான் முறைப்பாடு போகும். சிவாஜினியிடமிருந்து, 'எனது இலக்கம் மொ/14, மேற்படி விடயம் தொடர்பாக' என்று தொடங்கி, இருபத்திரண்டு பிழைகளின் அட்டவணையோடும் முத்திரையோடும் போனது. கணினியின் உரிமையாளர் தானே என்பதற்குக் கிராம உத்தியோகத்தரின் உறுதிப்படுத்தல் கடிதமும் ஆங்கில மொழிபெயர்ப்போடு இணைக்கப்பட்டிருந்தது. ஒரு கிழமை கழித்து ஒருவர் பதில் எழுதினார். இத்தனை மரியாதையாகத் தங்களை யாரும் ஏசியதில்லை என்றும், மென்பொருள் ஓடும்போது தானாக எழுதிவைக்கும் குறிப்பேட்டை அனுப்பும்படியும் கேட்டிருந்தார்.

அனுப்புமுன் வாசிக்காமல் விடுவாரா? அப்ராஸிடம் கொடுத்து இருநூற்றுப் பதினான்கு பக்கமும் அச்செடுத்தார். பாலையூற்று பஸ்ஸில் சிவப்புப் பேனையோடு சத்தியக்கடதாசி வாசிப்பதுபோல் வாசித்தார். ஊருக்குள் திரியும் மான்களில் ஒன்று அரைக்கதவுக்கு மேலால் தலையை நீட்டி எண்பத்தெட்டாம் பக்கத்தை இழுத்துத் தின்றுவிட்டது. சிவாஜினி 'பக்கம் 88, மானால் உண்ணப்பட்டது' என்று ஓரத்தில் குறித்துக் கையெழுத்திட்டார். ஐந்தாம் நாள், மூன்றாம் வாசிப்பில், கீழிருந்து மேலாக வரும்போது அகப்பட்டது.

"அப்ராஸ், இஞ்ச வாங்கோ. பாலத்தடியில விளையாட்டு என்ன கேக்குது? பாலத்தில எவ்வளவு பாரம் எண்டு கேக்குது. முதலியாருக்கு அது தெரியாது. தெரியாதெண்டு தன்ர குறிப்பில எழுதியும் வச்சிருக்கிறார். ஆனா வாயால என்ன சொன்னவர் பாருங்கோ."

அப்ராஸ் குனிந்து பார்த்தார். "சரி எண்டிருக்கு."

"எவ்வளவு பாரம் எண்டு கேட்டா, ஓம் எண்டு சொல்லுறதோ?" சிவாஜினி அந்த வரிக்குக் கீழே சிவப்புப் பேனையால் கோடிட்டார். "தெரியாமல் தலையாட்டியிருக்கிறார்." அன்று பின்னேரம் வந்த இரண்டு கட்சிக்காரர்களை நாளைக்கு வரச் சொல்லிவிட்டு, மீனவரின் கதையை முதன்முறையாக ஒரு மனிதரிடம் சொன்னார். அப்ராஸ் கதிரையின் நுனியில் இருந்து கேட்டுவிட்டு, எழும்பிப் போய் இரண்டு பிளேன்ரீ வாங்கி வந்தார்.

கடிதம் மொ/15 அதே நாள் போனது. ஒரேயொரு கோரிக்கைதான் அதில் இருந்தது: தெரியாவிட்டால் தெரியாது என்று சொல்ல அவரைப் பழக்கவும்.

விடுமுறைக்கு முந்திய நாள். ஒழுங்கை முழுக்க மழை வெள்ளம். அவர்கள் திருத்தி அனுப்பிய புதிய முதலியார் காலையில்தான் கணினியில் வந்திறங்கியிருந்தார். பன்னிரண்டரைக்கு இடியப்பத் தட்டுகள் ஏறின, மின்விசிறி திரும்பியது. அப்ராஸ் வந்து நின்றார். அவருக்குப் பின்னால் கொப்பி எடுக்க வந்து மழைக்கு ஒதுங்கிய நாலைந்து பேர். அரைக்கதவில் நனைந்த மான். பனி இன்னும் ரோஸ்தான். புஸ்பராணி கை விரித்து நின்றாள். சிவாஜினி வாகனத்தை மெல்ல மெல்லப் பாலத்தில் ஏற்றினார். நடுவுக்கு வந்தது. விளையாட்டு மறையவில்லை.

வாகனம் நின்றது. திரையில் ஒரு சிறிய பெட்டி வந்தது. ஆங்கிலத்தில் ஒரே வரி. சிவாஜினி அதை மூன்று தரம் வாசித்தார். பிறகு எல்லோருக்கும் கேட்கத் தமிழில் சொன்னார்: "இந்தக் கேள்விக்கு எனக்குப் பதில் தெரியாது. இதுக்கு மேல கொண்டுபோக என்னால ஏலாது."

வாகனம் அதற்குமேல் நகரவில்லை. "தோத்திட்டீங்க மிஸ்" என்றார் அப்ராஸ், சிரிக்காமல். "பரவாயில்ல, அந்த வசனத்தச் சொல்ல வேணாம். வாங்க, கடையில புஸ்பராணிய ஏத்தி விடுவம்."

சிவாஜினி தேயிலைத் தகரத்தைத் திறந்து முத்திரையை எடுத்தார். கணினியை மெதுவாக மூடி, மூடியைச் சேலைத் தலைப்பால் துடைத்தார். அப்பிளுக்குக் கீழே ஒட்டியிருந்த தாளில், இத்தனை நாள் வெறுமையாகக் கிடந்த இடத்தில் முத்திரையை வைத்து, இரண்டு கைகளாலும் அழுத்திக் குத்தினார். பிறகு குனிந்து, மை காயும்வரை அதை ஊதிக்கொண்டிருந்தார்.