வேறொருத்தியின் சாவு

அறுபதுகளில் ஹாங்காங்கில் எடுத்த வாள்சண்டைப் படங்களில் மியூ-கம் சாகாத படத்தைத் தேடித்தான் பிடிக்க வேண்டும். கொள்ளைக்காரி, கூலிக்குக் கொலை செய்பவள், விஷம் வைக்கும் சித்தி என்று எந்த வேஷமானாலும் சரி, கடைசி ரீலுக்குள் சுயெட்-வாவின் வாளுக்குப் பலியாகிவிடுவாள். செத்து எழுந்ததும் தயாரிப்பு நிர்வாகி ஒரு சிவப்பு உறையை நீட்டுவார். பொய்ச்சாவின் தோஷம் மெய்யாக ஒட்டிக்கொள்ளாமலிருக்க உள்ளே ஏதோ சில்லறை இருக்கும். அதை வாங்காமல் அங்கே எந்தப் பிணமும் வீட்டுக்குப் போகாது.

சுயெட்-வா கதாநாயகி. அவளுக்குச் சாகிற வேலையே இல்லை. மியூ-கமின் வயிற்றெரிச்சலே அதுதான். சிறுவயதில் சீன இசைநாடகக் குழுவில் சேர்ந்து, வாத்தியாரின் பிரம்படியில் வித்தை கற்றவள் அவள். நடனப் பள்ளியிலிருந்து வந்த சுயெட்-வாவோ வாளை அகப்பை மாதிரிப் பிடிப்பாள். அவள் உடையைப் போட்டுக்கொண்டு கூரையிலிருந்து குட்டிக்கரணம் அடிப்பது மியூ-கம்; கீழே நின்று கண்ணை உருட்டுவது மட்டும் சுயெட்-வா. போஸ்டரிலும் பத்திரிகை அட்டையிலும் அவள் முகம். போதாக்குறைக்குக் கப்பல் முதலாளியின் மகனோடு கல்யாணமும் நிச்சயமாகிவிட்டது. அன்று மியூ-கமுக்குச் சோறு இறங்கவில்லை.

கல்யாணத்துக்கு முந்தைய கடைசிப் படத்தில் கதாநாயகி சாக வேண்டும் என்று டைரக்டர் ஹுய் எழுதிவிட்டார். சுயெட்-வாவின் அம்மா செட்டுக்கே வந்து குதித்தாள்.

"கல்யாணப் பொண்ணு ரத்தத்துல கெடந்து சாவுறதா? வெளங்குமாய்யா? ஒரு சிவப்பு உறை குடுத்தா எல்லாம் சரியாப் போயிடுமா?"

ஹுய் மியூ-கம் பக்கம் திரும்பினார். "சாவுறதுல நீதான் கைதேர்ந்தவளாச்சே. அவ உடுப்பப் போட்டுக்க. மூஞ்சிய மட்டும் காட்டிடாத."

"ஏன் சார், எம்மூஞ்சி பொணத்துக்குக்கூட லாயக்கில்லையா?"

சுயெட்-வா அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். "கோவிச்சுக்காதீங்க அக்கா. எனக்காக இந்த ஒரு தடவ."

அந்த நல்ல குணம் மியூ-கமை இன்னும் எரித்தது.

வெள்ளைப் பட்டு உடை ஒன்றே ஒன்றுதான் இருந்தது. ரத்தச் சாயம் பட்டுவிட்டால் மறுபடி எடுக்க முடியாது. அது மியூ-கமுக்கும் தெரியும். வாள் பாய்ந்ததும் சுழன்று விழுந்தாள். கேமராவுக்கு முதுகைக் காட்டிக் கிடக்க வேண்டியவள் மெல்லப் புரண்டாள். கூந்தலை ஒதுக்கி, அத்தனை வருட ஆத்திரத்தையும் கண்ணில் ஏற்றி, முழு முகத்தோடு செத்தாள்.

"வேணும்னே பண்ணினியாடி?" என்று கத்தினார் ஹுய்.

"ஆமா," என்றாள் அவள்.

வேறு வழியில்லாமல் அந்தக் காட்சியை அப்படியே சேர்த்துவிட்டார்.

படம் வெளியான ஞாயிறு மதியம் மியூ-கம் தியேட்டரில் உட்கார்ந்திருந்தாள். வாழ்நாளில் முதன்முறையாகத் திரை முழுக்க அவள் முகம். "இது வேற யாரோடா!" என்று ஒருவராவது கத்த மாட்டாரா என்று காத்திருந்தாள். தியேட்டரே மூக்கை உறிஞ்சிக்கொண்டிருந்தது.

விளக்கு எரிந்தது. பக்கத்து இருக்கைப் பெண் கண்ணைத் துடைத்துக்கொண்டு, மியூ-கமின் முகத்தை நேருக்கு நேர் பார்த்தாள்.

"பாவம் நம்ம சுயெட்-வா! சாகும்போதுகூட என்ன அழகு பாத்தீங்களா? அந்த மூஞ்சி வேற யாருக்கு வரும்?"