அவர் கண்ணுக்கு மட்டும் தெரிந்த பெண்கள்

அம்மனைக் கும்பிடுகிற உங்கள் எல்லாருக்கும் சொல்கிறேன். என் வீட்டுக்காரரின் கையை நான் கட்டிலோடு சேர்த்துக் கட்டிப் போட்டேன். அதை மறைத்துவிட்டு, அம்மன் செய்த உதவியை மட்டும் சொன்னால் அது பொய்யாகிவிடும். நாலு பேர் முன்னால் பேச எனக்குக் கூச்சம். அதனால் எழுதித் தருகிறேன்.

நாங்கள் மாஞ்சோலையில் தேயிலைக் கொழுந்து பறித்துப் பிழைத்தவர்கள். எஸ்டேட் வேலை நின்றதும் கல்லிடைக்குறிச்சியில் ஒரு வாடகை வீட்டுக்கு மலையிறங்கி வந்தோம். கும்பிட்ட சாமியை விட்டு வேறு ஊருக்குக் குடி போகிறவர்கள், கோயிலில் ஒரு பிடி மண் எடுத்துப் போய்ப் புது இடத்தில் வைத்துக் கும்பிடுவது எங்கள் வழக்கம். சாமான் ஏற்றுகிற அவசரத்தில் இசக்கியம்மன் பிடிமண்ணை நான் மறந்துவிட்டேன்.

அடுத்த ஆடி மாதம் ஒருநாள் அவர் சுவரைப் பார்த்தபடி சொன்னார்: “ஏட்டி, வீட்டுக்குள்ள இத்தன பொம்பளைய நிக்காவ. கூடைய மாட்டிக்கிட்டு வரிசையா போறாவ.”

அங்கே யாருமே இல்லை. பிடிமண் எடுக்காத குற்றத்தை அம்மன் கேட்கிறாள் என்றே நினைத்தேன். கண் மங்குகிறது என்று அவர் முன்பே சொல்லியிருந்தார். வயசானால் அப்படித்தான் என்று விட்டுவிட்டேன். குறி கேட்டேன். திருநீறு போட்டேன். ஒருநாள் அந்தப் பெண்களுக்கு வழிவிட ஒதுங்கியவர் வாசற்படியில் விழுந்தார். அதிலிருந்து நான் கடைக்குப் போகும்போதெல்லாம் சேலைத் துணியால் ஒரு கையைக் கட்டினேன். ஆறு மாதம். வெளியில் சொல்ல வெட்கம். பைத்தியம் என்பார்களே.

ஒரு வெள்ளிக்கிழமை விளக்கேற்றி அழுதேன். “தாயே, மறந்தது நான். அவர விட்டிரு. எனக்கொரு வழி காட்டு.”

மறுநாள் காலையில், கடைக்குப் போய் வந்து கட்டை அவிழ்த்துக்கொண்டிருந்தேன். சர்க்கரை பார்க்க வீடு வீடாக வரும் நர்ஸ் பெண் அதைப் பார்த்துவிட்டது. நான் அழுதுகொண்டே எல்லாவற்றையும் சொன்னேன். அந்தப் பெண் திட்டவில்லை. அவர் பக்கத்தில் போய் உட்கார்ந்தது.

“தாத்தா, அந்தப் பொம்பளைய உங்ககிட்ட பேசுவாவளா?”

“ஒரு சத்தமும் கிடையாது தாயி. அது நெசமில்லன்னு எனக்கே தெரியும். இவ கேட்டாத்தான.”

“அவிய சேல தெரியுதா?”

“பூப்பூவா பளிச்சுன்னு தெரியுது. இவ மூஞ்சிதான் தெரியல. தெரிஞ்சு ஆறேழு மாசமாச்சு.”

அத்தனை மாதத்தில் ஒருநாள்கூட நான் அவரிடம் அதைக் கேட்கவில்லை.

“ஆச்சி, இது கண்ணுக் கோளாறா இருக்கும். இன்னைக்கே கூட்டிட்டுப் போங்க” என்றது அந்தப் பெண்.

அன்றைக்கே பஸ் ஏறி, வழியெல்லாம் அம்மனைக் கும்பிட்டபடியே போய், வண்ணார்பேட்டையில் இறங்கிக் கண் ஆஸ்பத்திரிக்குப் போனோம். பார்வை குறையும்போது சிலருக்கு மூளை தானாகவே உருவங்களைக் காட்டும், புத்தி கெடவில்லை என்றார் டாக்டரம்மா. காய்ச்சல், மூத்திரத்தில் கிருமி, உடம்பில் உப்புக் குறைவது, சில மாத்திரைகள், குடியைத் திடீரென்று நிறுத்துவது, மனநோய், இவற்றாலும் இல்லாதது தெரியுமாம். ஒவ்வொன்றுக்கும் வைத்தியம் வேறு. அதனால் இரத்தம், மூத்திரம் எல்லாம் பார்த்தார்கள். வலது கண்ணில் புரை. ஆபரேஷன் செய்தார்கள். இடது கண்ணில் நீர் அழுத்தம் நரம்பையே அழித்துவிட்டது.

“முன்னாடியே வந்திருந்தா கொஞ்சம் காப்பாத்தியிருக்கலாம்மா” என்றார்.

கண் கட்டைப் பிரித்ததும் அவர் என்னைப் பார்த்து, “என்னட்டி இப்பிடி மெலிஞ்சிட்ட” என்றார். அந்தப் பெண்கள் பையப் பையக் குறைந்து, பிறகு வராமலே போனார்கள். கையைக் கட்டியதற்கு மன்னிப்புக் கேட்டேன்.

“அது எங்க நின்னுச்சு? நீ தெருமுனை தாண்டுமுன்ன கழத்திருவேன். நீ வர சத்தம் கேட்டா மாட்டிக்கிடுவேன். ஒன் மனசு சங்கடப்படக் கூடாதுல்லா.”

எனக்குச் சிரிப்பு வரவில்லை. அடுப்படிக்குள் போய்விட்டேன்.

அம்மன் ஒரு கண்ணைத் தந்தாள். இன்னொன்றைத் தொலைத்தவள் நான். அவள் என்னிடம் மண் கேட்கவே இல்லை. இப்போது ரோட்டில் போகும்போது அவருக்கு இடது பக்கமாக நடக்கிறேன். அந்தப் பக்கம் வண்டி வந்தால் அவருக்குத் தெரியாது.

உங்கள் வீட்டில் யாராவது இல்லாத ஆளைப் பார்த்தால் மறைக்காதீர்கள். என்ன தெரிகிறது என்று அவர்களிடமே கேளுங்கள். அன்றைக்கே டாக்டரிடம் கூட்டிப் போங்கள். அம்மன் கைவிட மாட்டாள். பஸ்ஸில் உட்கார்ந்தும் அவளைக் கும்பிடலாம்.